ஊற்றுக்கு மேல் இறைத்த நீர்

சென்ற வாரம் ஏழாம் வகுப்புப் பிள்ளைகளுக்கு ஒரு கணக்குக் கொடுத்தேன். ஒரு கிணற்றில் 3,000 குடம் தண்ணீர் இருக்கிறது. தினந்தோறும் 100 குடம் ஊறுகிறது. 150 குடம் இறைக்கிறார்கள். கிணறு எத்தனை நாளில் வற்றும்?

கணக்கு ஒன்றும் பிரமாதமானதல்ல. பாதிப் பிள்ளைகள் ஐந்து நிமிஷத்திற்குள் ‘60 நாள்’ என்று எழுதிக் கொண்டுவந்து நீட்டிவிட்டார்கள். ஆனால் கடைசிப் பெஞ்சியில் இருந்த பையன் ஒருவன் எழுதாமல் எழுந்து நின்றான்.

“ஸார், நூறு குடந்தான் ஊறுகிறது என்று தெரிந்தும் எதற்காக நூற்றைம்பது குடம் இறைக்கிறார்கள்? அவர்களுக்குக் கணக்குத் தெரியாதா?” என்றான்.

வகுப்பு முழுவதும் சிரித்தது. நானும் சிரித்துவிட்டு, “கேட்டதற்கு மட்டும் விடை எழுது” என்று சொல்லி அவனை உட்கார வைத்தேன். விடை சொல்ல வகையறியாத கேள்வி வரும்போது உபாத்தியாயர்கள் கையாளும் பழைய தந்திரம் இது. ஆயினும் வீடு திரும்பும் வழியெல்லாம் அந்தக் கேள்வி என்னை விட்டபாடில்லை. ஏனென்றால், நான் கற்பனையாகக் கொடுத்த அந்தக் கிணறு வாஸ்தவமாகவே இந்தத் தேசத்தில் இருக்கிறது. அதற்குப் பஞ்சாப் என்று பெயர்.

நிலத்தடி நீரைப் பற்றி மத்திய வாரியத்தார் கணக்கெடுத்து அறிக்கை வெளியிட்டு வருகிறார்கள். 2024-ஆம் வருஷத்து அறிக்கையின்படி, பஞ்சாபில் பூமிக்கு அடியிலிருந்து ஒரு வருஷத்தில் பழுதின்றி எடுக்கக்கூடிய தண்ணீர் 100 பங்கு என்று வைத்துக்கொண்டால், எடுக்கப்படுவது 150 பங்குக்கும் அதிகம். அந்த ராஜ்யத்திலுள்ள 153 வட்டாரங்களில் 110-க்கு மேற்பட்டவை ஊற்றுக்கு மேல் இறைக்கப்படுகிறவை என்று குறிக்கப்பட்டிருக்கின்றன. ஐந்து நதிகளைத் தன் பெயரிலேயே தாங்கி நிற்கும் நாட்டின் நிலைமை இது!

அங்குள்ள குடியானவர்களுக்குக் கணக்குத் தெரியாதா? நன்றாகத் தெரியும். சில வருஷத்துக்கு ஒருமுறை கடன் வாங்கிக் குழாயை இன்னும் கீழே இறக்குகிற மனிதனுக்குத் தண்ணீர் கீழே போகிறது என்று வேறொருவர் சொல்லியா தெரியவேண்டும்? அப்படியானால் அவன் ஏன் இறைக்கிறான்? பையனுடைய கேள்விக்கு அன்று சொல்லாமல் விட்ட விடையை இந்த வாரம் நேயர்களோடு சேர்ந்து தேடிப் பார்க்கலாம் என்று எண்ணுகிறேன்.

*

விடையைத் தேடுவதற்கு 1965, 1966-ஆம் வருஷங்களுக்குச் செல்ல வேண்டும். அடுத்தடுத்து இரண்டு வருஷம் மழை பொய்த்துப் போயிற்று. பீஹாரில் பஞ்சம் வந்தது. 1966-இல் மட்டும் ஏறக்குறைய ஒரு கோடி டன் தானியம் கப்பலில் வந்து இறங்கித்தான் தேசம் உயிர் பிழைத்தது. அதில் பெரும்பகுதி அமெரிக்கக் கோதுமை. கப்பல் வந்தால் சாப்பாடு. அது தாமதித்தால் திண்டாட்டம். தானியம் கொடுத்தவர்கள் அதோடு கூடப் புத்திமதியும் கொடுத்தார்கள். சில சமயம் கப்பலைத் தாமதப்படுத்தியும் பார்த்தார்கள். சுதந்திரம் பெற்றுப் பதினெட்டு வருஷம் ஆன தேசத்துக்கு இதைவிடத் தலைகுனிவு வேறென்ன வேண்டும்? பிரதம மந்திரி லால் பகதூர் சாஸ்திரி, வாரத்தில் ஒரு வேளை உணவைத் தியாகம் செய்யும்படி ஜனங்களைக் கேட்டுக்கொண்டது அந்தக் காலத்தில்தான்.

என் தாயார் அப்போது சிறு பெண். பங்கீட்டுக் கடை வாசலில் விடியற்காலையில் போய் நின்று, சிவப்புக் கோதுமை வாங்கி வந்ததை இன்றைக்கும் சொல்வாள். அதை எப்படிச் சமைப்பது என்றே வீட்டில் யாருக்கும் தெரியாதாம். உரலில் இடித்து, கஞ்சி காய்ச்சி, மூக்கைப் பிடித்துக்கொண்டு குடித்தார்களாம்.

இந்த நிலைமையை மாற்றியே தீருவது என்று சங்கற்பம் செய்துகொண்டவர்களில் முக்கியமான இருவர் நம் தமிழ்நாட்டவர்கள். ஒருவர், பொள்ளாச்சிப் பக்கத்துக் கிராமமொன்றில் பிறந்து அப்போது மத்திய உணவு மந்திரியாக இருந்த சி. சுப்பிரமணியம். மற்றவர், கும்பகோணத்தில் பிறந்த விஞ்ஞானி எம். எஸ். சுவாமிநாதன். மெக்ஸிகோ தேசத்தில் நார்மன் போர்லாக் என்னும் அமெரிக்க விஞ்ஞானி உண்டாக்கியிருந்த குட்டைக் கோதுமையின் விதையை, 1966-இல் 18,000 டன் வரவழைத்தார்கள்.

குட்டைக் கோதுமையில் அப்படி என்ன விசேஷம்? நம்முடைய பழைய கோதுமை நெடிது வளரும் ஜாதி. அதற்கு ரசாயன உரத்தைத் தாராளமாக இட்டால், கதிர் கனத்துத் தாள் தாங்காமல் சாய்ந்துவிடும். குட்டை ஜாதியோ எவ்வளவு உரம் இட்டாலும் சாயாமல் நின்று, தின்றதையெல்லாம் மணியாக மாற்றிக் கொடுக்கும். ஆனால் அது கேட்கிற உரத்தைக் கொடுக்க வேண்டும். வேளை தவறாமல் தண்ணீர் கொடுக்க வேண்டும். ஊரெல்லாம் ஒரே பயிராகிப் போவதால் பூச்சி வந்தால் மருந்தும் அடிக்க வேண்டும். சுருங்கச் சொன்னால், அது வெறும் விதையல்ல. உரமும் நீரும் மருந்தும் யந்திரமும் சேர்ந்த ஒரு முழுச் சம்சாரம். விதையை வரவேற்றவர்கள் சம்சாரம் முழுவதையும் வரவேற்றாக வேண்டியிருந்தது.

பஞ்சாப் விவசாயி அந்தச் சம்சாரத்தை இரு கை நீட்டி வரவேற்றான். 1964-65-இல் தேசத்தின் கோதுமை மகசூல் சுமார் 1 கோடியே 20 லட்சம் டன். 1967-68-இல் அது 1 கோடியே 65 லட்சம் டன்னுக்கு ஏறியது. மூட்டைகளை வைக்க இடமில்லாமல் பள்ளிக்கூடங்களை மூடி அவற்றில் அடுக்கினார்கள். தேசத்தின் நிலப்பரப்பில் நூற்றுக்கு ஒன்றரைப் பங்கே உள்ள பஞ்சாப், ஒரு காலத்தில் மத்திய சர்க்காரின் களஞ்சியத்துக்குச் சேர்ந்த கோதுமையில் பாதிக்கு மேல் கொடுத்தது. பிச்சைப் பாத்திரத்தைத் தேசத்தின் கையிலிருந்து வாங்கி எறிந்தவன் அந்தச் சீக்கியக் குடியானவன்தான். இதை மறந்துவிட்டு மேலே எழுதுவது நன்றி கொன்ற செயலாகும்.

*

1968-ஆம் வருஷம் ஜூலை மாதத்தில் ‘கோதுமைப் புரட்சி’ என்று தபால் தலை வெளியிட்டுக் கொண்டாடினார்கள். அதற்கு ஆறு மாதம் முன்னால், அதே வருஷம் ஜனவரியில், காசியில் இந்திய விஞ்ஞான காங்கிரஸ் கூடியது. அங்கே சுவாமிநாதன் செய்த பிரசங்கத்தில் ஓர் எச்சரிக்கை இருந்தது. மண்ணின் வளத்தைக் காப்பாற்றாமல் ஓயாது பயிர் செய்தால் நிலம் பாழாகும். வடிகால் இல்லாமல் நீர் பாய்ச்சினால் உவர் ஏறும். கண்டபடி மருந்து அடித்தால் அந்த விஷம் உண்ணும் உணவில் ஏறும். அளவறியாமல் நிலத்தடி நீரை எடுத்தால் இருப்புத் தீரும். எண்ணற்ற நாட்டு ரகங்களைத் துரத்திவிட்டு ஓரிரண்டு ரகங்களையே எங்கும் விதைத்தால் ஒரு நோய் வந்து எல்லாவற்றையும் கொண்டுபோகும் என்பது அதன் சாரம்.

வைத்தியரே மருந்தைக் கொடுக்கும்போது பத்தியத்தையும் சொன்னார் என்பதை நேயர்கள் கவனிக்க வேண்டும். நாம் மருந்தை வாங்கிக்கொண்டோம். பத்தியத்தைக் காதில் போட்டுக்கொள்ளவில்லை. அதோடு நில்லாமல், ஆபத்துக் காலத்தில் சாப்பிட வேண்டிய மருந்தையே அறுபது வருஷமாக அன்றாட ஆகாரமாகவும் ஆக்கிக்கொண்டோம்.

கோதுமைக்குப் பின்னால் நெல் வந்தது. பஞ்சாப்காரர்கள் ரொட்டி தின்கிறவர்கள். சோளத்தையும் கோதுமையையும் கடலையையும் அறிந்தவர்கள். சோற்றைப் பெரிதாகக் கருதாதவர்கள். 1960-61-இல் அங்கே நெல் விளைந்தது ஆறு லட்சம் ஏக்கருக்கும் குறைவான நிலத்தில்தான். இன்று 75 லட்சம் ஏக்கருக்கு மேல் நெல் விளைகிறது. அன்று 20 லட்சம் ஏக்கரில் விளைந்த கடலை இன்று சில ஆயிரம் ஏக்கருக்குச் சுருங்கிவிட்டது. தாம் உண்ணாத அரிசியை அவர்கள் ஏன் பயிரிட்டார்கள்? தேசத்தின் பிற பாகங்களில் சோறு தின்கிற நமக்காகத்தான். நெல்லையும் கோதுமையையும் எவ்வளவு கொண்டுவந்தாலும் நிச்சயித்த விலைக்கு வாங்கிக்கொள்வதாகச் சர்க்கார் வாக்களித்தது. வாக்கைக் காப்பாற்றியும் வந்தது. கடலைக்கும் பயறுக்கும் அப்படி வாங்குவார் யாருமில்லை. நிச்சயமாக விலைபோகும் பயிரை விட்டு, சந்தைக்காரனின் தயவை நம்பிப் பயிர் செய்ய எந்தக் குடும்பஸ்தன் துணிவான்?

பஞ்சாபின் மண் நெல்லுக்கு ஏற்ற மண்ணல்ல. பல இடங்களில் தண்ணீரை நிறுத்திவைக்கத் தெரியாத மணற்பாங்கான பூமி. மழையும் நம் டெல்டாவைப் போல் கைகொடுப்பதில்லை. அங்கே ஒரு கிலோ அரிசி விளைவிக்க மூவாயிரம் லிட்டருக்கும் மேற்பட்ட தண்ணீர் செலவாகிறது. அந்தத் தண்ணீருக்காகத் தோண்டிய குழாய்க் கிணறுகள் இன்று 14 லட்சம் அளவில் இருக்கின்றன. ஆதியில் தரைமேல் வைத்த பம்பே நீரை இழுத்துக் கொடுத்தது. பிறகு குழி வெட்டிப் பம்பைக் கீழே இறக்கினார்கள். பிறகு அதுவும் எட்டாமல், நூற்றுக்கணக்கான அடி ஆழத்தில் மூழ்கிக் கிடக்கும் மோட்டார்களைப் போட்டார்கள். 1997 முதல் விவசாயத்துக்கு மின்சாரம் இலவசமாயிற்று. ஓட்டு வாங்க அது உதவியது. ஆனால் பம்பை நிறுத்த வேண்டிய அவசியம் அன்றோடு போயிற்று. இலவச மின்சாரம் நம் ராஜ்யத்திலும் உண்டாகையால், இந்த விஷயத்தில் பஞ்சாபைப் பார்த்து நாம் சிரிப்பதற்கு இடமில்லை.

மின்சாரம் இலவசமே தவிர, மோட்டார் இலவசமல்ல, குழாயும் இலவசமல்ல. அவற்றுக்குக் கடன் வாங்க வேண்டும். அங்கே தானிய மண்டிகளில் ‘ஆர்த்தியா’ என்று தரகர்கள் இருக்கிறார்கள். விதைக்கும் உரத்துக்கும் மருந்துக்கும் மோட்டாருக்கும் மகள் கல்யாணத்துக்கும் அவர்களே கடன் கொடுப்பார்கள். விளைந்ததும் அவர்கள் மூலமாகவே விற்க வேண்டும். நல்ல வருஷத்தில் வட்டி அடையும். கெட்ட வருஷத்தில் முதலும் ஏறும்.

*

தண்ணீர்க் கணக்கு ஒரு புறம் இருக்கட்டும். மனிதக் கணக்கையும் கொஞ்சம் பார்ப்போம்.

புது விளைச்சல் வந்த புதிதில், களத்தில் மலைபோலக் குவிந்த கோதுமையைச் சீக்கிரம் அடித்தெடுக்கக் கதிரடிக்கும் யந்திரங்கள் வந்தன. கூலியாட்கள் இரவும் பகலும் கண் விழித்து, கட்டுக் கட்டாகக் கதிரை யந்திரத்தின் வாயில் கொடுத்தார்கள். தூக்கக் கலக்கத்தில் கதிரோடு கையும் சேர்ந்து போயிற்று. இவ்விதம் கை இழந்தவர்கள் மிகப் பலராகவே, 1983-இல் ‘அபாயகரமான யந்திரங்கள் சட்டம்’ என்று ஒரு சட்டம் செய்து, யந்திரத்தின் வாய் எவ்விதம் அமைய வேண்டும், கை இழந்தவனுக்கு நஷ்டஈடு என்ன என்று விதிக்க வேண்டியிருந்தது. தேசத்துக்கு ரொட்டி வந்த வழியில் எத்தனையோ ஏழைகளின் கைகள் உதிர்ந்து கிடந்தன. அந்தக் கைகளைப் பற்றித் தபால் தலை ஏதும் வெளியாகவில்லை.

பஞ்சாபின் தென்பகுதிக்கு மால்வா என்று பெயர். பதிண்டா, மான்சா, முக்தசர் முதலிய ஜில்லாக்கள் அடங்கிய பருத்திப் பூமி அது. பருத்திப் புழுவைக் கொல்ல வருஷத்துக்கு வருஷம் மருந்தின் அளவு ஏறியது. புழுவும் அதைத் தின்று பழகிக்கொண்டது. முகத்தை மூட ஒரு துணியும் இல்லாமல் முதுகில் மருந்துப் பீப்பாயைக் கட்டிக்கொண்டு வயலில் நடந்தவர்கள் பெரும்பாலும் நிலமற்ற ஏழைகள். காலி மருந்து டப்பாவைக் கழுவி வீட்டில் மாவு வைக்க உபயோகித்தவர்களும் உண்டு. 2005-இல் டில்லியிலுள்ள விஞ்ஞான சுற்றுச்சூழல் மையத்தார், பஞ்சாப் கிராமங்கள் நான்கில் இருபது பேருடைய இரத்தத்தைச் சோதித்தபோது, பலவகைப் பூச்சி மருந்துகள் அதில் கலந்திருக்கக் கண்டார்கள்.

2012-13-இல் ராஜ்ய சர்க்கார் வீடு வீடாகச் சென்று புற்றுநோய்க் கணக்கு எடுத்தது. ராஜ்யம் முழுவதுக்கும் சராசரி லட்சத்துக்கு 90 பேர். முக்தசர் ஜில்லாவிலோ லட்சத்துக்கு 136 பேர். அந்தப் பக்கத்து நோயாளிகள் வெகுகாலம் பக்கத்து ராஜ்யமான ராஜஸ்தானத்தில் பிகானேர் நகரிலுள்ள ஆஸ்பத்திரிக்குத்தான் போய்வந்தார்கள். பதிண்டாவிலிருந்து இரவில் புறப்பட்டு விடியற்காலையில் பிகானேர் சேரும் ரயிலில், கையில் வைத்தியச் சீட்டுக் கட்டோடும் தலைமாட்டில் ரொட்டி மூட்டையோடும் குடும்பம் குடும்பமாகப் பிரயாணம் செய்தார்கள். ஜனங்கள் அந்த ரயிலுக்குப் ‘புற்றுநோய் ரயில்’ என்றே பெயர் வைத்துவிட்டார்கள்.

இந்த நோய் முழுவதற்கும் பூச்சிமருந்துதான் காரணம் என்று நான் சொல்ல வரவில்லை. அந்தப் பிரதேசத்து நிலத்தடி நீரில் யுரேனியம் முதலிய உலோகங்களும் இருக்கின்றன. புகையிலை, மது போன்ற காரணங்களும் எங்கும் உள்ளவையே. வைத்தியர்கள் இவற்றைப் பற்றி இன்னும் விவாதித்து வருகிறார்கள். ஆனால் விவாதம் முடிகிறவரை அந்தத் தண்ணீரைக் குடித்துக்கொண்டிருக்க வேண்டியவர்கள் விவாதிக்கிறவர்கள் அல்ல.

பிறகு 2015-ஆம் வருஷம் வந்தது. வெள்ளை ஈ என்னும் சிறு பூச்சி மால்வாவின் பருத்தியைச் சூறையாடியது. பத்துமுறை மருந்தடித்தும் பயன் இல்லை. வயலையே உழுது மடக்கியவர்கள் பலர். மருந்துக்கு வாங்கிய கடன் மட்டும் நின்றது. பஞ்சாபிலுள்ள மூன்று சர்வகலாசாலைகள் சேர்ந்து கிராமம் கிராமமாக விசாரித்தபோது, 2000 முதல் 2015 வரை அந்த ராஜ்யத்தில் தம் உயிரைத் தாமே மாய்த்துக்கொண்ட விவசாயிகளும் விவசாயக் கூலிகளும் 16,000-க்கு மேற்பட்டவர்கள் என்று தெரிந்தது. அவர்களில் மிகப் பெரும்பாலோருக்குக் கடனே காரணம். தேசத்துக்கெல்லாம் சோறு போட்ட வீட்டில், குடும்பத் தலைவன் பூச்சிக்கு வாங்கிய மருந்தைத் தானே குடித்தான் என்றால், இதைப் பயிர்த்தொழிலின் நஷ்டம் என்று மட்டும் எழுதிவிட முடியுமா?

*

ஒரு தவறைத் திருத்தப் போய் இன்னொன்றில் விழுந்த கதையும் உண்டு. தண்ணீரைக் காப்பாற்ற வேண்டும் என்று 2009-இல் பஞ்சாப் சர்க்கார் ஒரு சட்டம் செய்தது. கோடை வெயிலில் வயலில் தேக்கிய நீர் ஆவியாகப் போவதைத் தடுக்க, ஜூன் 10-ஆம் தேதிக்கு முன்னால் நெல் நாற்று நடக்கூடாது என்று விதித்தது. நல்ல எண்ணந்தான். ஆனால் நடவு பின்னே போகவே, அறுவடையும் பின்னே போயிற்று. அக்டோபர் கடைசியில் நெல்லை அறுத்து, நவம்பர் நடுவுக்குள் கோதுமை விதைத்தாக வேண்டும். இடையில் இருப்பது மூன்று வாரம். அறுவடை யந்திரமோ கதிரை மட்டும் கொய்துகொண்டு, முழங்கால் உயரத்துக்குத் தாளை வயலில் விட்டுப் போகிறது.

‘வைக்கோலை மாட்டுக்குப் போடக்கூடாதா?’ என்று நம்மூர்க்காரர்கள் கேட்பார்கள். அங்கே மாட்டுக்குக் கோதுமை வைக்கோல்தான் பழக்கம். முரட்டு நெல்லின் தாளில் மணற்சத்து மிகுதியென்று அதை விரும்புவதில்லை. யந்திரம் சிதறிவிட்ட தாளை வாரியெடுக்க ஆள் வைத்தால் கூலி கட்டாது. ஒரு தீக்குச்சியோ காலணாக் காசுக்குக் காணாது. வருஷத்துக்கு ஏறக்குறைய இரண்டு கோடி டன் நெல் தாள் அங்கே மிஞ்சுகிறது. அதில் பெரும்பகுதி பல வருஷங்களாக வயலிலேயே கொளுத்தப்பட்டு வந்தது. முன்பெல்லாம் காற்று அடிக்கும் பருவத்தில் எரிந்தது, இப்போது காற்று அடங்கிப் பனி இறங்கும் பருவத்தில் எரிகிறது. வண்டிப் புகையாலும் ஆலைப் புகையாலும் ஏற்கெனவே திணறும் டில்லி நகரின் மேல் இந்தப் புகையும் போய்க் கவிகிறது. உடனே பத்திரிகைகள் விவசாயியைத் திட்டுகின்றன. அந்தப் புகையை முதலில் சுவாசிப்பது, வயலோரத்துக் குடிசையில் தொட்டிலில் கிடக்கும் அவனுடைய குழந்தை என்பதை எண்ணிப் பார்ப்பவர் சிலரே.

*

இவ்வளவையும் என் தாயாரிடம் சொன்னேன். பொறுமையாகக் கேட்டுவிட்டு, “எல்லாம் சரிதான்டா! அன்றைக்கு எங்கள் வயிறு காய்ந்து கிடந்தபோது, ‘கிணற்றின் ஆழம் என்ன?’ என்று கேட்டுக்கொண்டா இருக்க முடியும்? கப்பலுக்குக் காத்து நின்றவர்களுக்குத்தான் அது தெரியும்” என்றாள்.

அவள் சொன்னதில் நியாயம் இருக்கிறது. பழைய கால விவசாயமே சொர்க்கம் என்றும், விஞ்ஞானம் வந்து அதைக் கெடுத்தது என்றும் பேசுகிறவர்கள், வங்காளத்திலும் பீஹாரிலும் பசியால் மடிந்தவர்களை மறந்து பேசுகிறார்கள். 1966-இல் செய்தது தவறல்ல. பசி தீர்ந்த பிறகும் கணக்கைத் திருத்தாமல் விட்டதுதான் தவறு.

திருத்தச் சொன்னவர்கள் இல்லாமலும் இல்லை. 1986-இலேயே பொருளாதார நிபுணர் சர்தாரா சிங் ஜோல் தலைமையில் அமைந்த குழு, நெல்லும் கோதுமையும் விளைகிற நிலத்தில் ஐந்தில் ஒரு பங்கை வேறு பயிர்களுக்குத் திருப்ப வேண்டுமென்று சிபார்சு செய்தது. சிபார்சு அலமாரியில் தங்கியது. நெல் வயலோ அதற்குப் பிறகு ஏறக்குறைய இரண்டு மடங்காயிற்று. 2022-இல் பாசிப்பயறு விதைக்கும்படி விவசாயிகளை ஊக்கினார்கள். நம்பி விதைத்தார்கள். விளைந்ததில் பெரும்பகுதி, சர்க்கார் அறிவித்த விலைக்குக் குறைவாகவே வியாபாரிகள் கைக்குப் போயிற்று. அடுத்த வருஷம் அவன் எதை விதைப்பான் என்பதற்கு ஜோசியம் பார்க்க வேண்டுமா?

வழியே இல்லை என்று சொல்வதற்கும் இல்லை. லூதியானா விவசாய சர்வகலாசாலையார் சீக்கிரம் விளையும் நெல் ரகங்களைக் கொடுத்திருக்கிறார்கள். பழைய நீண்டகால ரகத்தைவிட ஒரு மாதம் முன்னதாக அறுவடைக்கு வருவதால் நீரும் மிஞ்சுகிறது, அவகாசமும் மிஞ்சுகிறது. தாளைக் கொளுத்தாமல் அதன் ஊடாகவே கோதுமையை விதைக்கும் கருவிகளும் வந்திருக்கின்றன. பக்கத்து ஹரியானாவில், நெல்லை விட்டு வேறு பயிர் செய்கிறவர்களுக்கு ஏக்கருக்கு 7,000 ரூபாய் கொடுக்கும் திட்டத்தை 2020-இல் தொடங்கினார்கள். இவையெல்லாம் நல்ல முயற்சிகளே. ஆனால் நெல்லுக்குச் சொன்ன வாக்கைப் பயறுக்கும் கடலைக்கும் சிறுதானியத்துக்கும் சொல்லி, அந்த வாக்கைக் காப்பாற்றாதவரை இவை துளித்துளியாகவே நிற்கும்.

அதற்குப் பணம் வேண்டும். அந்தப் பணத்தை யார் கொடுப்பது என்பதுதான் முக்கியமான கேள்வி. என் தாழ்மையான அபிப்பிராயத்தில், கொடுக்க வேண்டியவர்கள் நாம். அறுபது வருஷமாகப் பங்கீட்டுக் கடையில் நாம் கொடுத்த விலையில் விதை, உரம், கூலி எல்லாம் ஓரளவு அடங்கியிருந்தன. வற்றிய நீர் அதில் அடங்கவில்லை. உதிர்ந்த கை அடங்கவில்லை. பிகானேர் ரயில் அடங்கவில்லை. அந்தச் செலவுகளெல்லாம் பஞ்சாப் விவசாயியின் பெயரிலும், அவனிடம் கூலி வேலை செய்தவன் பெயரிலும், இனிமேல் பிறக்கப்போகும் அவர்களுடைய பேரப்பிள்ளைகளின் பெயரிலும் பற்றெழுதப்பட்டிருக்கின்றன. சாப்பிட்டது நாம்; பற்று அவர்கள் பெயரில். கடனைச் சர்க்கார் மூலம் வரிப்பணமாகக் கொடுத்தாலும் சரி. பருப்புக்கும் கம்புக்கும் கேழ்வரகுக்கும் நியாயமான விலை கொடுத்து வாங்கி, நம்முடைய சோற்றுத் தட்டைக் கொஞ்சம் மாற்றிக்கொள்வதன் மூலம் கொடுத்தாலும் சரி. கொடுக்க வேண்டியது தர்மம் மாத்திரமல்ல, கடன். தர்மத்தைத் தள்ளிப் போட்டால் புண்ணியம் குறையும். கடனைத் தள்ளிப் போட்டால் வட்டி ஏறும்.

*

திங்கட்கிழமை வகுப்புக்குப் போனதும் அந்தப் பையனை எழுப்பினேன்.

“அன்று நீ கேட்டது நல்ல கேள்வி. இறைக்கிறவர்களுக்குக் கணக்குத் தெரியும். ஆனால் கிணற்றங்கரையில் குடத்தோடு காத்து நிற்கிறவர்கள் இன்னும் வேண்டும், இன்னும் வேண்டும் என்று கேட்கிறார்கள். அதிகமாக இறைத்தால்தான் அவர்களுக்குக் கூலி கொடுக்கிறார்கள். அதனால் இறைக்கிறார்கள்” என்றேன்.

பையன் கொஞ்ச நேரம் யோசித்தான்.

“அப்படியானால் கணக்கில் குடத்தோடு நிற்கிறவர்களையும் சேர்க்கவேண்டாமா, ஸார்?” என்றான்.

இந்தத் தடவை நான் அவனை உட்காரச் சொல்லவில்லை. கரும்பலகைக்கு அழைத்து, கணக்கைத் திருத்தி எழுதும்படி சுண்ணாம்புக் கட்டியை அவன் கையிலேயே கொடுத்தேன்.